இடக்கையின் நாதம்

(இரண்டாம் ஆண்டு, பி.எஸ்சி. இயற்பியல்)

பாடுபவரின் பெயரை அறிந்தோர் பலர். பக்கத்தில் அமர்ந்து தாளம் காப்பவரை அறிந்தோர் சிலரே. அந்தச் சிலரைப் பலராக்கியவர் பழனி சுப்பிரமணிய பிள்ளை. இன்று நம் திண்டுக்கல் மாவட்டத்தில் உள்ள பழனியில் 1908ஆம் ஆண்டு பிறந்தார். தந்தையார் முத்தையா பிள்ளையும் லய வித்துவானே. ஆனால் மகனுக்கு இடக்கைப் பழக்கம்!

அதனால் என்ன என்று கேட்கலாம். மிருதங்கத்தின் வலந்தலை சபையை நோக்கியிருக்க வேண்டும். வலக்கையால் வாசிப்பவர் பாடகரின் வலப்புறம் அமர்ந்தால் அது இயல்பாக அமையும். இடக்கையால் வாசிப்பவரோ மறுபுறம் அமர வேண்டும். அங்குள்ள வயலின் வித்துவான் இடம் மாற வேண்டும். பழகிய இடத்தை விட்டுத்தர எத்தனை பேர் இசைவர்?

செம்பை வைத்தியநாத பாகவதர் அந்த வழக்கத்தைப் பெரிதாக எண்ணவில்லை. இருக்கைகளை மாற்றி, இளைஞரைத் தம் அருகில் அமர்த்திக்கொண்டார். மற்றதை உழைப்பு செய்தது. ரவைப்பசை தடவிய தொப்பியில் பிள்ளை எழுப்பிய கும்கியின் ஆழ்ந்த நாதம் ரசிகர்களைக் கட்டிப்போட்டது. கஞ்சிராவிலும் அவர் வல்லவர். பாலக்காடு மணி ஐயர், முருகபூபதி ஆகியோருடன் மிருதங்க மும்மூர்த்திகளுள் ஒருவராகப் போற்றப்பட்டார்.

1962இல் அவர் மறைந்தார். அவருடைய சீடர் திருச்சி சங்கரன் 1971இல் கனடாவின் யார்க் பல்கலைக்கழகத்தில் மிருதங்கம் கற்பிக்கத் தொடங்கினார். பழனியின் பாணி கடல் கடந்தது.

குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரி வாயிலை மிதித்தவர்கள் நம்மில் பலர். நண்பர்களே, திறமை மட்டும் போதாது. சற்றே நகர்ந்து இடம் கொடுக்கும் மனமும் வேண்டும். நாளை நாம் அமரும் இடத்தில், நாமும் நகர்ந்து கொடுப்போமா?