ஸர் ரோலண்டு ஹில்

கடிதத்தின் மூலையில் ஒட்டிய சிறு காகிதத் துண்டு, தபால் கூலி முன்னமே செலுத்தப்பட்டதென்பதற்குச் சாட்சி. இச்சாட்சியை நிலைநாட்டியவர் மந்திரியல்லர். தபால் இலாகா உத்தியோகஸ்தருமல்லர். அவர் ஒரு பள்ளிக்கூட உபாத்தியாயர்.

இங்கிலாந்தில் கிடர்மின்ஸ்டர் நகரில் 1795-ம் வருஷம் டிசம்பர் 3-ந் தேதி ரோலண்டு ஹில் பிறந்தார். பன்னிரண்டாம் வயதிலேயே தந்தையின் பாடசாலையில் போதிக்கத் தொடங்கினார். பின்னர் அவர் நடத்திய பாடசாலையில் மாணாக்கரே விதிகளை இயற்றி, தமக்குள் நியாயஸ்தலம் அமைத்துக் குற்றங்களை விசாரித்தனர் என்பது நமக்கு மிகவும் உவப்பான செய்தி.

அக்காலத்தில் கடிதத்திற்குப் பெரும்பாலும் பெறுபவரே கூலி கொடுப்பர். தூரத்திற்கேற்பவும் தாள்களின் எண்ணிக்கைக்கேற்பவும் அக்கூலி ஏறும். பார்லிமெண்டு அங்கத்தினருக்கோ இலவசத் தபால் உரிமை இருந்தது! செல்வாக்குள்ளவன் கடிதம் கூலியின்றிச் செல்ல, ஏழைத் தாய் தன் மகன் க்ஷேமத்தை அறிய ஒரு நாள் கூலியை இழக்க நேர்ந்தது. கவி கோல்ரிட்ஜ் ஒரு பெண்ணுக்காக இரங்கிக் கூலி கொடுத்துக் கடிதத்தை வாங்கித் தந்தாராம். உள்ளே ஒரு எழுத்துமில்லை. வெறுந்தாள் வந்தால் சகோதரன் சுகமாயிருக்கிறான் என்பது அவர்களது ஏற்பாடு. இக்கதையைப் பலர் ஹில்லின் அனுபவமாகவே சொல்லி வருவது பிழை. அவர் அதை எடுத்துக்காட்டியவரே.

1837-ல் ஹில் வெளியிட்ட சிறு பிரசுரம் இவ்வநீதியைக் கணக்கினால் தகர்த்தது. லண்டனிலிருந்து எடின்பரோவுக்கு ஒரு கடிதத்தைக் கொண்டு செல்லும் செலவு ஒரு பென்னியில் 36-ல் ஒரு பங்கே. வசூலித்ததோ 1 ஷில்லிங்குக்கு மேல். ஆகவே தூரம் எதுவாயினும் ஒரே பென்னி, அதுவும் முன்பணம் என்றார். தபால் அதிகாரிகள் இதைப் பகற்கனவென்று இகழ்ந்தனர். வர்த்தகரும் பொதுஜனங்களும் விண்ணப்பங்களைக் குவித்தனர். ஜனக்கிளர்ச்சியின் முன் சர்க்கார் பணிந்தது.

1840 ஜனவரி 10-ந் தேதி பென்னித் தபால் அமுலுக்கு வந்தது. விக்டோரியா ராணியின் தலை பொறித்த கறுப்புத் தபால் தலை மே 6-ந் தேதி முதல் செல்லுபடியாயிற்று. அதன்மீது அடித்த சிவப்பு முத்திரையைச் சிலர் அழித்து, தலையை மறுபடி உபயோகித்தனர். மறு வருஷமே தலை சிவப்பாயிற்று, முத்திரை கறுப்பாயிற்று. தபால் தலையை முதலில் கருதியவர் டண்டீ நகர் ஜேம்ஸ் சால்மர்ஸ் என்போரும் உளர். அவ்வழக்கில் தீர்ப்புக் கூற நாம் முற்படவில்லை. ஒட்டும் காகிதத்தைக் கண்டதினும் ஒரே விகிதக் கூலியை வென்றதே பெரிது.

ஒரே வருஷத்தில் கடிதங்கள் இரு மடங்குக்கு மேல் பெருகின. ஆனால் சுமார் 16 லக்ஷம் பவுனாயிருந்த நிகர வருமானம் 5 லக்ஷமாகச் சரிந்தது. நஷ்டம் விரைவில் ஈடாகுமென்ற ஹில்லின் கணக்கு பொய்த்தது. பழைய நிலையை எட்ட இருபது வருஷங்களுக்கு மேலாயின. இதை மறைப்பதற்கில்லை. எனினும் ஜனங்கள் ஒருவரோடொருவர் பேசுவதைப் பொக்கிஷத்தின் பெருக்கத்தால் மட்டும் அளப்பது எவ்வகை நியாயம்? 1842-ல் புதிய மந்திரிசபை அவரை விலக்கிற்று. பிரைட்டன் ரயில்வேக்குத் தலைமை வகித்தார். 1846-ல் சர்க்காரே மறுபடி அழைத்தது. 1854-ல் தபால் இலாகாவின் காரியதரிசியானார்.

அதே 1854-ல் இந்தியாவிலும் தூரபேதமின்றி அரையணாக் கூலி ஏற்பட்டது. முன்பணம் செலுத்தாத கடிதத்திற்கு இரட்டிப்புக் கூலி. நம் தாத்தாமார் அஞ்சிய ‘பேரிங்’ கடிதம் இதுவே.

ஹில் 1864-ல் ஓய்வு பெற்று, 1879 ஆகஸ்டு 27-ந் தேதி காலமானார். வெஸ்ட்மின்ஸ்டர் ஆலயத்தில் அவர் உடல் அடக்கம் செய்யப்பட்டது.