கேமரா செய்த கோலாப்பூர் மேஸ்திரி

மைசூர் ஹெப்பாள் தொழிற்பேட்டையில் லேத் முன்னாலும் வெல்டிங் ஒளியிலும் நின்று பிழைக்கும் நம்மவர்களுக்கு 'மேஸ்திரி' என்ற சொல் புதிதல்ல. அந்தச் சொல்லையே குடும்பப் பெயராகக் கொண்ட ஒருவர், இந்திய சினிமாவுக்கு அஸ்திவாரம் போட்டவர்களில் முக்கியமானவர். பெயர் பாபுராவ் கிருஷ்ணராவ் மேஸ்திரி. ஊர், பெல்காமைத் தாண்டி மராட்டிய எல்லைக்குள் இருக்கும் கோலாப்பூர். உலகம் அவரை அறிந்தது பாபுராவ் பெயின்டர் என்ற பெயரில்.

1890ஆம் ஆண்டு ஜூன் 3ஆம் தேதி பிறந்தார். தச்சு வேலை, சிற்பம், சித்திரம் மூன்றும் தெரிந்த குடும்பம். கலைக் கல்லூரியில் படித்துப் பட்டம் பெற்றவர் அல்ல. உளி பிடித்ததும் தூரிகை பிடித்ததும் வீட்டில்தான். ஒன்றுவிட்ட சகோதரர் ஆனந்தராவுடன் சேர்ந்து நாடகக் கம்பெனிகளுக்குத் திரைச்சீலை எழுதிக் கொடுத்தார். அரண்மனையும் காடும் நிஜம்போலத் தோன்றும் அந்தத் திரைகளால் சகோதரர்களின் பெயர் பரவியது. 'பெயின்டர்' என்ற பட்டப்பெயரும் ஒட்டிக்கொண்டது.

பட்டறையில் பிறந்த கேமரா

1913இல் தாதாசாகேப் பால்கேயின் 'ராஜா ஹரிச்சந்திரா' வெளிவந்தது. அதைப் பார்த்த சகோதரர்களுக்குச் சினிமா ஆசை பிறந்தது. ஆனால் கேமராவுக்கு எங்கே போவது? வெளிநாட்டிலிருந்து தருவிக்க வேண்டும். அதற்குப் பணம் வேண்டும். நாமே செய்தால் என்ன என்று துணிந்தார்கள். பழைய புரொஜெக்டர் ஒன்றை வாங்கி, அது ஓடும் விதத்தை ஆராய்ந்தார்கள்.

வேலை முடியும் முன்பே, 1916இல் ஆனந்தராவ் காலமானார். கூடப் பிறக்காவிட்டாலும் கூடவே உழைத்தவர் போய்விட்ட துக்கத்திலும் பாபுராவ் வேலையை நிறுத்தவில்லை. சீடர் தாம்லேயைத் துணைக்கு வைத்துக்கொண்டு, 1918இல் கேமராவை ஓட வைத்தார்.

கம்பெனி தொடங்க முதல் வேண்டுமே! தானிபாய் காகல்கர் என்ற பாடகி பணம் கொடுத்து உதவினார். கோலாப்பூர் மன்னர் சாகு மகாராஜாவின் ஆதரவும் கிடைத்தது. மகாராஷ்டிரா பிலிம் கம்பெனி உருவாயிற்று.

முதல் படம் 'சைரந்திரி', 1920இல் புனாவில் வெளியாயிற்று. விராட நாட்டில் பாஞ்சாலி மாறுவேடத்தில் இருந்ததும், பீமன் கீசகனை வதம் செய்ததும்தான் கதை. இதே கீசகன் கதையைச் சில ஆண்டுகளுக்கு முன்பே சென்னையில் நடராஜ முதலியார் 'கீசகவதம்' என்று எடுத்திருந்தார். மோட்டார் சாமான் வியாபாரத்திலிருந்து சினிமாவுக்கு வந்தவர் அவர்.

பெண் வேடத்தை ஆண்களே கட்டி வந்த காலம். பாபுராவ் பெண்களையே நடிக்க வைத்தார். நடிக்க வந்தவர்கள் ஊராரின் ஏச்சுக்கு ஆளானார்கள், ஆனாலும் நடித்தார்கள். கீசகன் சாகும் காட்சி அத்தனை தத்ரூபமாக அமைந்ததால், தணிக்கையில் அதை வெட்டச் சொன்னார்கள். படத்தைப் பார்த்து மகிழ்ந்த லோகமான்ய திலகர், பாபுராவுக்கு 'சினிமா கேசரி' என்ற பட்டம் அளித்தார்.

கடன்பட்ட விவசாயியின் கதை

பிறகு சரித்திரப் படங்கள் வந்தன. 1923இல் எடுத்த 'சிம்மகட்' படத்தில் மின்விளக்கு ஒளியில் காட்சிகளைப் படம் பிடித்தார். வெயிலை நம்பியே படம் எடுத்த நாட்களில் இது பெரிய புதுமை. விளம்பரத்துக்கான சுவரொட்டிகளையும் தாமே வரைந்தார்.

பெயரும் பணமும் வந்துகொண்டிருந்தபோது, 1925இல் ஒரு துணிச்சலான காரியம் செய்தார். புராணத்தையும் ராஜாக்களையும் ஒதுக்கிவிட்டு 'சாவ்காரி பாஷ்' என்ற படத்தை எடுத்தார். வட்டிக்காரன் போட்ட சுருக்கு என்பது பொருள். சௌகாரிடம் சிக்கி நிலத்தைப் பறிகொடுக்கும் விவசாயி, பிழைப்புத் தேடி நகரத்துக்குப் போய் ஆலைத் தொழிலாளி ஆகிறான். நிலத்தையும் வீட்டையும் விட்டு மூட்டை முடிச்சோடு ரயில் ஏறியவர்களுக்கு இந்தக் கதையை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

விவசாயியாக நடித்தவர், ஹூப்ளி ரயில்வே பட்டறையில் வேலை பார்த்துவிட்டுக் கம்பெனியில் வந்து சேர்ந்த இளைஞர் சாந்தாராம். பின்னாளில் இந்தியா முழுதும் புகழ்பெற்ற அதே வி. சாந்தாராம்தான்.

அறிந்தவர்கள் படத்தைப் பாராட்டினார்கள். வசூல் மட்டும் இல்லை. தேவர்களையும் வீரர்களையும் காண வந்த கூட்டம், தன் வீட்டுக் கஷ்டத்தைத் திரையில் காண விரும்பவில்லை. பாபுராவ் மறுபடி பழைய வகைப் படங்களுக்கே திரும்ப வேண்டியதாயிற்று.

சீடர்கள் பிரிந்தனர்

1929இல் பெரிய அடி விழுந்தது. தாம்லே, பத்தேலால், சாந்தாராம், தைபர் ஆகியோர் பிரிந்து போய் பிரபாத் பிலிம் கம்பெனியை ஆரம்பித்தார்கள். பேசும்படக் காலத்தில் பிரபாத் கொடிகட்டிப் பறந்தது. அங்கே தமிழ்ப் படமும் தயாராயிற்று. 1934இல் வந்த 'சீதா கல்யாணம்' அது, வீணை எஸ். பாலசந்தர் சிறுவனாக நடித்த படம். குருவின் கம்பெனியோ சில ஆண்டுகளில் மூடப்பட்டது.

அவர் முடங்கிவிடவில்லை. பிறர் கம்பெனிகளுக்குப் பேசும்படங்கள் எடுத்தார். 1936இல், வசூலாகாத அதே 'சாவ்காரி பாஷ்' கதையைப் பேசும்படமாக மீண்டும் எடுத்தார். தோற்ற கதை என்று அதை அவர் கைவிடவில்லை. 1947இல் பழைய சீடர் சாந்தாராமின் தயாரிப்பில் 'லோக்சாஹிர் ராம் ஜோஷி' படத்தை எடுத்துக் கொடுத்தார். மற்ற நேரமெல்லாம் சித்திரமும் சிற்பமும்தான். தொடங்கிய தொழிலுக்கே திரும்பி வந்தார்.

1954ஆம் ஆண்டு ஜனவரி 16ஆம் தேதி கோலாப்பூரில் காலமானார். அவர் எடுத்த ஊமைப் படங்களில் பெரும்பாலானவை அழிந்துவிட்டன. ஆனால் அவர் பட்டறையில் தொழில் கற்றவர்கள் எடுத்த படங்கள் நிலைத்தன. ஏழையின் கடனையும் ஆலைத் தொழிலாளியின் வாழ்வையும் படமாக்கலாம் என்று இந்திய சினிமாவுக்கு முதலில் வழி காட்டியவர்களில் அந்த மேஸ்திரி வீட்டுப் பிள்ளையும் ஒருவர். தேவைப்பட்ட கருவியையும் அவர் கடையில் வாங்கவில்லை, கையால் செய்துகொண்டார்.