சேலம் விஜயராகவாச்சாரியார்

இளமையும் கல்வியும்

சட்டத்தையே படைக்கலமாகக் கொண்டு அந்நிய ஆட்சியை எதிர்த்து நின்ற தமிழருள் சேலம் சி. விஜயராகவாச்சாரியார் குறிப்பிடத்தக்கவர். அவர் 1852ஆம் ஆண்டு சூன் திங்கள் 18ஆம் நாள், செங்கற்பட்டுப் பகுதியிலுள்ள பொன்விளைந்த களத்தூரில் பிறந்தார். சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்று 1875இல் பட்டம் பெற்றார். மங்களூரிலும் சேலத்திலும் கல்லூரி ஆசிரியராகப் பணியாற்றினார். பின்னர் அப்பணியைத் துறந்து, சட்ட வகுப்பு எதிலும் சேராமல் தாமே சட்டநூல்களைக் கற்றுத் தேர்ச்சி பெற்றார். 1881இல் சேலத்தில் வழக்கறிஞர் தொழிலைத் தொடங்கினார்.

குற்றவாளிக் கூண்டில் வழக்கறிஞர்

அக்காலத்தில் சேலம் ஒரு சிறிய நகரம். விஜயராகவாச்சாரியார் அந்நகராட்சியின் உறுப்பினராகவும் விளங்கினார். 1882இல் ஊர்வலப் பாதையை ஒட்டிப் பள்ளிவாசல் கட்டுவது குறித்து எழுந்த பிணக்கு, இரு சமயத்தாரிடையே பெருங்கலகமாக மூண்டது. அதனைத் தூண்டியவர் என்று அவர்மீது குற்றம் சாட்டப்பட்டது. கீழ்நீதிமன்றம் அவருக்குப் பத்தாண்டுத் தண்டனை விதித்தது. நகராட்சிப் பதவியும் பறிபோயிற்று. அப்போது அவருக்கு வயது முப்பது. வழக்கறிஞராகி ஓராண்டே ஆகியிருந்தது.

அவர் மனம் தளரவில்லை. உயர்நீதிமன்றத்தில் முறையிட்டுத் தாம் குற்றமற்றவர் என்பதை நிலைநாட்டி விடுதலை பெற்றார். அத்துடன் அமையாது, அதே வழக்கில் தண்டனை பெற்று அந்தமானுக்கு அனுப்பப்பட்ட பிறருக்காகவும் வாதாடினார். அவர்களுள் பலர் விடுதலையாகி ஊர் திரும்பினர். தம்மைப் பதவியிலிருந்து நீக்கியது முறையன்று என்று, இலண்டனிலிருந்த இந்தியத் துறை அமைச்சரை எதிர்த்தே வழக்குத் தொடுத்து வென்றார். அவர் பெற்ற இழப்பீடு 100 ரூபாய். தொகை சிறிது, ஆயினும் அரசும் சட்டத்திற்கு உட்பட்டதே என்பதை அவ்வெற்றி நாட்டுக்கு உணர்த்தியது. மக்கள் அவரைத் தென்னாட்டுச் சிங்கம் எனப் போற்றினர்.

சட்டமன்றப் பணி

1895இல் அவர் சென்னைச் சட்டமன்றத்தில் இடம்பெற்று ஆறாண்டுகள் பணியாற்றினார். அந்நாளில் பொதுமக்களுக்கு வாக்குரிமை இல்லை. உறுப்பினர்கள் வினா எழுப்பலாம். வரவு செலவுத் திட்டம் பற்றிப் பேசலாம். ஆனால் அதன்மீது வாக்களிக்க இயலாது. 1913 முதல் 1916 வரை நடுவண் சட்டமன்றத்தில் உறுப்பினராக இருந்தார். கோகலே, மாளவியா ஆகியோர் அவருடன் அம்மன்றத்தில் இருந்தனர். பெண்களுக்குச் சொத்துரிமை வேண்டும் என்பதும், பருவம் எய்திய பின்னரே திருமணம் நிகழ வேண்டும் என்பதும் அவருடைய கொள்கைகள்.

நாகபுரி மாநாடு

1920 திசம்பரில், இன்று மகாராட்டிரத்திலுள்ள நாகபுரியில் கூடிய காங்கிரசு மாநாட்டிற்கு அவர் தலைமை தாங்கினார். ஒத்துழையாமை இயக்கத்தை அம்மாநாடு உறுதி செய்தது. வழக்கறிஞர்கள் நீதிமன்றங்களைப் புறக்கணிக்க வேண்டும் என்பதும், சட்டமன்றங்களை விலக்க வேண்டும் என்பதும் அத்திட்டத்தின் கூறுகள். அவர் வாழ்நாள் முழுதும் போராடிய களங்கள் அவ்விரண்டுமே. காந்தியடிகளின் திட்டத்தோடு அவருக்குக் கருத்து வேறுபாடு இருந்தது. எனினும், பெரும்பான்மையோர் முடிவு நிறைவேறிய அவையின் தலைவராக அவரே வீற்றிருந்தார்.

மொழிவழியாக மாகாணக் குழுக்கள் அமைக்கவும் அம்மாநாடு வழிவகுத்தது. தமிழ் வழங்கும் பகுதிகளுக்கெனத் தனிக்குழு அமைந்தது. பிற்காலத்தில் மொழிவழி மாநிலங்கள் உருவாவதற்கு அஃது ஒரு முன்னோடியாயிற்று.

நிறைவு

விஜயராகவாச்சாரியார் 1944ஆம் ஆண்டு ஏப்ரல் 19ஆம் நாள் மறைந்தார். நாடு விடுதலை அடைய அப்போது மூன்றாண்டுகளே எஞ்சியிருந்தன. ஆட்சியாளர் இயற்றிய சட்டத்தைக் கொண்டே ஆட்சியாளரின் தவற்றைத் திருத்தியது அவருடைய வாழ்வின் சிறப்பாகும்.

சிந்தித்து விடை எழுதுக

1. விஜயராகவாச்சாரியார் பெற்ற 100 ரூபாய் இழப்பீடு ஏன் சிறப்புடையது?
2. தாம் விடுதலை பெற்ற பின்னும் அவர் வாதாடியது யாருக்காக?
3. தமக்கு உடன்பாடில்லாத முடிவை ஏற்ற அவைக்கு ஒருவர் தலைமை தாங்குவது சரியா? உம் கருத்தை ஐந்து வரிகளில் எழுதுக.