ஒளியோடு ஒளி சேர்ந்தால் இருள்! – தாமஸ் யங்கின் வாழ்வு

ஓர் அறையில் ஒரு விளக்கு எரிகிறது. அருகில் இன்னொரு விளக்கை ஏற்றி வைத்தால் வெளிச்சம் கூடும். இது சிறு குழந்தையும் அறிந்த செய்தி. ஆனால், ஒளியோடு ஒளி சேரும்போது சில இடங்களில் இருள் பிறக்கும் என்று ஒருவர் சொன்னார். சொன்னதோடு நில்லாமல், சூரிய ஒளியையும் ஒரு துண்டு அட்டையையும் கொண்டு அதை மெய்ப்பித்தும் காட்டினார். உலகம் அவரைப் பாராட்டவில்லை, எள்ளி நகைத்தது. பத்தாண்டுகளுக்கு மேலாக அவர் சொல் அம்பலம் ஏறாமலே கிடந்தது. அவர்தாம் தாமஸ் யங்.

கம்பியில் எடையைத் தொங்கவிட்டு யங் குணகம் காணாமல் எந்த இயற்பியல் மாணவரும் செய்முறை வகுப்பைத் தாண்டிச் சென்றதில்லை. ஆயினும் அந்தக் குணகத்திற்குப் பெயர் தந்தவர் ஒரு மருத்துவர் என்பதும், ஒளி அலையே என்று நிலைநாட்ட முயன்று அவமதிப்பைத் தேடிக்கொண்டவர் என்பதும் நம்மில் பலர் அறியாதவை.

இளமை

இங்கிலாந்து நாட்டில் சாமர்செட் மாவட்டத்தைச் சேர்ந்த மில்வெர்ட்டன் என்னும் சிற்றூரில், 1773ஆம் ஆண்டு ஜூன் 13ஆம் நாள் யங் பிறந்தார். பத்துக் குழந்தைகளில் அவரே மூத்தவர். பெற்றோர் எளிமையும் கட்டுப்பாடும் மிகுந்த குவேக்கர் சமயப் பிரிவைச் சேர்ந்தவர்கள். இரண்டு வயதிலேயே எழுத்துக்கூட்டிப் படிக்கத் தொடங்கிய அப்பிள்ளை, பதினான்கு வயதிற்குள் கிரேக்கமும் இலத்தீனும் கற்றுத் தேர்ந்தது. பிரெஞ்சு, இத்தாலியம், எபிரேயம், அரபு, பாரசீகம் ஆகிய மொழிகளிலும் பழகியிருந்தது. விளையும் பயிர் முளையிலே தெரியும் அல்லவா?

இலண்டனில் புகழ்பெற்ற மருத்துவராக இருந்த ரிச்சர்டு பிராக்கிள்ஸ்பி யங்கின் தாய்வழி உறவினர். அவர் காட்டிய வழியில் யங் மருத்துவம் பயிலத் தொடங்கினார். மாணவராக இருக்கும்போதே ஒரு கேள்வி அவர் மனத்தைப் பற்றிக்கொண்டது. கையிலுள்ள புத்தகத்தையும் படிக்கிறோம். அடுத்த கணமே தொலைவிலுள்ள மரத்தையும் தெளிவாகப் பார்க்கிறோம். கண் இதை எவ்வாறு செய்கிறது? கண்ணிலுள்ள வில்லை தன் வடிவத்தை மாற்றிக்கொள்வதே காரணம் என்று 1793இல் ராயல் கழகத்தின் முன் படிக்கப்பட்ட கட்டுரையில் அவர் விளக்கினார். அடுத்த ஆண்டே, இருபத்தொரு வயதில், அக்கழகத்தின் உறுப்பினரானார்.

பின்னர் எடின்பரோவிலும், ஜெர்மனியின் காட்டிங்கன் நகரிலும் பயின்று, 1796இல் மருத்துவப் பட்டம் பெற்றார். அதன்பின் கேம்பிரிட்ஜில் எம்மானுவேல் கல்லூரியில் சேர்ந்தார். 1797இல் பிராக்கிள்ஸ்பி மறைந்தபோது தம் இலண்டன் வீட்டையும் பெருந்தொகையையும் யங்குக்கு விட்டுச் சென்றார். பொருட்கவலை நீங்கியது. 1799இல் இலண்டனில் மருத்துவத் தொழிலைத் தொடங்கினார்.

ஒலி காட்டிய வழி

மனிதக் குரல் எவ்வாறு பிறக்கிறது என்ற ஆராய்ச்சி யங்கை ஒலியியலுக்கு இழுத்துச் சென்றது. ஏறக்குறைய ஒத்த சுருதியுள்ள இரண்டு குழல்களை ஒருசேர ஒலிக்கச் செய்தால், ஓசை கூடியும் குறைந்தும் மாறி மாறிக் கேட்கும். இதனை விம்மல் என்று படிக்கிறோம். ஒலியோடு ஒலி சேர்ந்து ஒரு கணம் ஒலி அடங்குகிறது. ஒலி காற்றின் அலை. ஆகவே இது நிகழ்கிறது. ஒளியும் அலையானால், ஒளியோடு ஒளி சேரும்போது இருள் தோன்ற வேண்டும் அல்லவா? இந்த எண்ணமே அவருடைய வாழ்வின் திருப்பமாக அமைந்தது.

அந்தக் காலத்தில் இவ்வாறு நினைப்பதற்கே துணிவு வேண்டும். ஒளி என்பது நுண்ணிய துகள்களின் ஓட்டம் என்ற கொள்கையை 1704இல் வெளிவந்த தம் ஒளியியல் நூலில் நியூட்டன் ஆதரித்திருந்தார். ஒளி அலையே என்று ஹாலந்து நாட்டு ஹைகென்ஸ் 1690இல் எழுதியதை மக்கள் ஏறத்தாழ மறந்தே போயினர். நியூட்டன் மறைந்து எழுபது ஆண்டுகள் கடந்தும், இங்கிலாந்தில் அவர் சொல்லே வேதவாக்கு. அதை மறுத்துரைத்தவர் ஓர் இளைஞர். அதிலும் ஒரு மருத்துவர்!

யங் நியூட்டனைப் பகைத்தவர் அல்லர். இதை நாம் சிறப்பாகக் கருத வேண்டும். டோங்கின் வளைகுடாவிலுள்ள ஒரு துறைமுகத்தில் நாளொன்றுக்கு இரண்டு ஓதங்களுக்குப் பதில் ஒன்றே வருவதும், சில நாள்களில் ஓதமே இல்லாமற் போவதும் உண்டு. இரண்டு வழிகளாக வரும் ஓதங்கள் ஒன்றையொன்று அழித்துக்கொள்வதே காரணம் என்று நியூட்டனே விளக்கியிருந்தார். அந்த விளக்கத்தைத்தான் யங் எடுத்துக்கொண்டார். நீருக்கு நியூட்டன் சொன்னதை அவர் ஒளிக்குச் சொன்னார். நியூட்டன் வளையங்களுக்காக அந்த மேதையே எடுத்து வைத்திருந்த அளவுகளைக் கொண்டு ஒளியின் அலைநீளத்தைக் கணக்கிட்டார். சிவப்பு ஓரத்திற்கு ஓர் அங்குலத்தில் ஏறத்தாழ 36,000இல் ஒரு பங்கு. ஊதா ஓரத்திற்கு 60,000இல் ஒரு பங்கு. இன்றைய அளவுகளுக்கு இவை மிக நெருங்கியவை என்பதை எண்ணும்போது வியப்பு மேலிடுகிறது.

ஒரு துண்டு அட்டை

1801 நவம்பரில் ராயல் கழகத்தில் நிகழ்த்திய சொற்பொழிவில் தம் கொள்கையை வெளியிட்ட யங், 1803 நவம்பரில் அதற்குக் கண்கூடான சான்று தந்தார். சாளரக் கதவில் ஒரு துளை. அத்துளையைத் தடித்த தாளால் மூடி, அத்தாளில் நுண்ணிய ஊசியால் ஒரு துளையிட்டார். வெளியே வைத்த கண்ணாடியின் உதவியால் சூரியக் கதிர் ஒன்று அத்துளை வழியே அறைக்குள் கிடையாக வந்தது. அக்கதிரின் குறுக்கே, ஓர் அங்குலத்தில் முப்பதில் ஒரு பங்கு அகலமுள்ள ஒரு துண்டு அட்டையைப் பிடித்தார். அட்டையின் நிழல் சுவரில் விழுந்தது. அந்நிழலுக்குள்ளேயே வரி வரியாக ஒளியும் இருளும் தெரிந்தன. நிழலின் நடுப்பகுதி வெண்மையாகவே இருந்தது.

இனித்தான் அவருடைய கூர்த்த மதி வெளிப்படுகிறது. அட்டையின் ஒரு பக்கத்து விளிம்பைக் கடந்து செல்லும் ஒளியை மட்டும் ஒரு சிறு திரையால் தடுத்தார். மறுபக்கத்து ஒளி முன்போலவே சென்றுகொண்டிருந்தது. ஆயினும் நிழலுக்குள் இருந்த வரிகள் அனைத்தும் மறைந்துவிட்டன! ஆகவே அந்த வரிகள் ஒரு பக்கத்து ஒளியால் விளைந்தவை அல்ல. இரு பக்கத்து ஒளியும் சந்திப்பதால் விளைந்தவை என்பது தெளிவாயிற்று.

1807இல் வெளிவந்த தம் சொற்பொழிவு நூலில் இதனை மேலும் எளிதாக்கினார். ஒரே ஊற்றிலிருந்து வரும் ஒரு நிற ஒளி, அருகருகே உள்ள இரண்டு துளைகள் அல்லது இரண்டு குறுகிய பிளவுகள் வழியே சென்று ஒரு திரையில் விழுகிறது. திரையில் ஒளிவரிகளும் இருள்வரிகளும் சம இடைவெளியில் மாறி மாறித் தோன்றுகின்றன. காரணம் என்ன?

குளத்தில் அருகருகே இரண்டு கற்கள் விழும்போது எழும் அலைவட்டங்களை நினைத்துப் பாருங்கள். முகட்டோடு முகடு சேருமிடத்தில் நீர் மேலெழும். முகட்டோடு அகடு சேருமிடத்தில் நீர் அசையாது நிற்கும். ஒளியும் இப்படித்தான். திரையின் நடுவிடத்திற்கு இரண்டு பிளவுகளிலிருந்தும் தொலைவு சமம். ஆகவே அங்கு எப்போதும் ஒளி. சற்றுத் தள்ளிச் சென்றால் ஒரு பிளவிலிருந்து வரும் பாதை மற்றதைவிட நீளும். அந்தப் பாதை வேறுபாடு அரை அலைநீளமானால் இருள்; முழு அலைநீளமானால் மீண்டும் ஒளி. பிளவுகள் அரை மில்லிமீட்டர் இடைவெளியில் இருந்து, திரை ஒரு மீட்டர் தொலைவில் இருந்தால், சோடியம் விளக்கின் மஞ்சள் ஒளியில் அடுத்தடுத்த ஒளிவரிகளுக்கு இடையே சுமார் 1.2 மில்லிமீட்டர் இருக்கும். ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கிற்கும் குறைவான அலைநீளம், நம் கண்ணால் அளக்கத்தக்க வரியாக விரிந்துவிடுகிறது. இருள்வரியில் ஆற்றல் அழிந்து போவதில்லை. ஒளிவரிக்கு இடம் மாறுகிறது, அவ்வளவே.

ஏளனமும் மௌனமும்

இத்தகைய அரிய கண்டுபிடிப்பு வெளியானதும் நடந்தது என்ன? எடின்பரோ ரிவியூ என்னும் செல்வாக்கு மிக்க இதழில் 1803இலும் அதையடுத்தும் பெயர் குறிப்பிடாத மதிப்புரைகள் வெளிவந்தன. யங்கின் கட்டுரைகளில் ஆராய்ச்சியும் இல்லை, கண்டுபிடிப்பும் இல்லை என்று அவை கடுமையாகத் தாக்கின. எழுதியவர் ஹென்றி புரூகம். பிற்காலத்தில் இங்கிலாந்தின் சான்சலர் பதவி வரை உயர்ந்தவர். யங் 1804இல் ஒரு சிறு நூலால் மறுமொழி எழுதினார். அதில் ஒரே ஒரு படிதான் விற்றதாகச் சொல்வர்.

பழி முழுவதையும் பிறர்மேல் சுமத்துவதும் நேர்மையாகாது. 1801 முதல் 1803 வரை ராயல் இன்ஸ்டிடியூஷனில் பேராசிரியராக யங் ஆற்றிய சொற்பொழிவுகள் ஆழமானவை; ஆனால் அளவுக்கு மீறிச் செறிவானவை. கேட்டவர்களால் பின்தொடர முடியவில்லை. தமக்கு எளிதாகத் தோன்றியது பிறர்க்கும் எளிது என்று அவர் எண்ணினார் போலும். தம் கொள்கைக்கு முழுமையான கணித வடிவமும் அவர் தரவில்லை. மேலும் ஒலியலையைப் போலவே ஒளியலையும் செல்லும் திசையிலேயே அதிர்கிறது என்று முதலில் கருதினார். 1808இல் பிரெஞ்சு அறிஞர் மாலுஸ் கண்ட தளவிளைவை இக்கருத்தால் விளக்க இயலவில்லை. ஒளி அதன் திசைக்குக் குறுக்காக அதிரலாம் என்ற குறிப்பு 1817இல்தான் அவர் கடிதத்தில் இடம்பெற்றது. மேதைக்கும் தவறு உண்டு. தவறென்று கண்டபின் திருத்திக்கொள்ளத் தயங்காததே மேதைமை.

அவர் சோர்ந்து அமர்ந்துவிடவில்லை. 1804இல் எலிசா மாக்ஸ்வெல் என்ற பெண்மணியை மணந்தார். 1811 முதல் புனித ஜார்ஜ் மருத்துவமனையில் மருத்துவராகப் பணியாற்றினார். அறிவியல் ஆர்வம் மருத்துவத் தொழிலுக்கு இடையூறாகுமோ என்ற எண்ணத்தால் பல கட்டுரைகளைப் பெயரிடாமலே எழுதினார். எகிப்தின் ரோசெட்டாக் கல்வெட்டை 1814 முதல் ஆராய்ந்து, அதிலுள்ள அரசப் பெயர்கள் சிலவற்றின் ஒலிகளைக் கண்டறிந்தார். அந்தப் பணியை 1822இல் பிரெஞ்சு அறிஞர் ஷம்போலியன் நிறைவேற்றிப் புகழ் கொண்டார்.

கடல் கடந்து வந்த நீதி

யங்குக்கு நீதி வழங்கியது அவர் நாடு அன்று. அதனோடு நெடுங்காலம் போரிட்டிருந்த பிரான்சு. அங்கே சாலைப் பொறியாளராக இருந்த பிரெனெல் என்ற இளைஞர், யங்கின் ஆராய்ச்சிகளை அறியாமலே 1815இல் அதே முடிவுக்கு வந்தார். 1816இல் அரகோ, கே-லுசாக் என்ற பிரெஞ்சு அறிஞர் இருவர் யங்கின் இல்லத்திற்கு வந்தனர். பிரெனெலின் புதிய கண்டுபிடிப்பை அவர்கள் வியந்து பேசினர். அதைத் தாம் முன்னரே எழுதிவிட்டதாக யங் சொன்னபோது அவர்களுக்கு நம்பிக்கை பிறக்கவில்லை. வாதம் வளர்ந்தது. உடனிருந்த யங்கின் துணைவியார் பேசாமல் எழுந்து வெளியே சென்றார். வருந்திச் சென்றுவிட்டாரோ என்று விருந்தினர் கலங்கினர். அவரோ 1807ஆம் ஆண்டின் அந்தப் பெரிய நூலைச் சுமந்து வந்து, உரிய பக்கத்தைத் திறந்து மேசைமேல் வைத்தார். வாதம் முடிந்தது.

பிரெஞ்சு அறிவியல் கழகம் நடத்திய போட்டிக்குப் பிரெனெல் 1818இல் தம் கட்டுரையை அனுப்பினார். அவர் சொல்வது உண்மையானால் வட்டத் தகட்டின் நிழல் நடுவே ஓர் ஒளிப்புள்ளி தோன்ற வேண்டுமே என்று நடுவர்களுள் ஒருவரான பாய்ஸான் மறுத்தார். அரகோ சோதித்துப் பார்த்தார். ஒளிப்புள்ளி இருந்தது! 1819இல் பரிசு பிரெனெலுக்குக் கிடைத்தது. அலைக் கொள்கை அரியணை ஏறிற்று.

புகழ் பங்கு போயிற்றே என்று யங் புழுங்கவில்லை. ராயல் கழகத்தின் ரம்போர்டு பதக்கம் பிரெனெலுக்கு வழங்கப்பட்டபோது, அக்கழகத்தின் அயல்நாட்டுச் செயலாளராக இருந்தவர் யங்கே. 1827இல் பதக்கம் பிரெனெலின் கைக்கு வந்தபோது அவர் மரணப் படுக்கையில் இருந்தார். இரண்டே ஆண்டுகளில், 1829 மே 10ஆம் நாள், யங்கும் மறைந்தார். வயது ஐம்பத்தைந்து. இறுதி நாள்களில் பேனா பிடிக்க வலுவின்றிப் பென்சிலால் எகிப்திய அகராதி ஒன்றை எழுதிக்கொண்டிருந்தார்.

மூடாத பிளவுகள்

நீரில் ஒளி மெதுவாகவே செல்கிறது என்று 1850இல் ஃபூக்கோ காட்டியது பழைய துகள் கொள்கைக்கு இறுதி அடியாயிற்று. ஆனால் கதை அத்துடன் முடியவில்லை. 1905இல் ஐன்ஸ்டீன் ஒளி ஆற்றல் துளித்துளியாகவும் இயங்குகிறது என்றார். 1961இல் ஜெர்மனியில் யோன்சன் எலெக்ட்ரான்களையே நுண்பிளவுகள் வழியே செலுத்தி யங்கின் வரிகளைப் பெற்றார். 1989இல் ஜப்பானில் டோனோமுராவும் அவர் குழுவினரும் எலெக்ட்ரான்களை ஒவ்வொன்றாக அனுப்பினர். ஒவ்வொன்றும் ஒரு புள்ளியாகவே விழுந்தது. புள்ளிகள் ஆயிரக்கணக்கில் பெருகியபோது அதே ஒளிவரி, அதே இருள்வரி! அலையா, துகளா என்ற வினா புதிய வடிவில் மீண்டும் நம் முன் நிற்கிறது.

நண்பர்களே, நம் இயற்பியல் ஆய்வகத்தின் இருட்டறையில் சோடியம் விளக்கின் முன் அமர்ந்து, இரட்டைப் பட்டகத்தைச் சரிசெய்து, வரிகள் தெரியவில்லையே என்று நாம் சலித்துக்கொள்வதுண்டு. அடுத்த முறை அந்த மெல்லிய இருள்வரி கண்ணில் படும்போது, அதை மெய்யென்று சொன்னதற்காக ஏளனம் சுமந்த மனிதரை ஒரு கணம் நினைப்போம். பெரியோரை மதிப்பது வேறு. அவர் சொன்னதையெல்லாம் ஆராயாமல் ஏற்பது வேறு. நியூட்டனை மதித்தவர் யங், ஆராய்ந்தவரும் யங். எப்பொருள் யார்வாய்க் கேட்பினும் மெய்ப்பொருள் காணச் சொன்ன மரபில் வந்த நமக்கு அவர் அயலார் அல்லர்.