நகையும் அழுகையும்: சார்லி சாப்ளின் சரிதம்

எண்வகை மெய்ப்பாடுகளுள் நகையை முதற்கண் வைத்த தொல்காப்பியனார், அழுகையை அதனை அடுத்து வைத்தனர். இவ்விரண்டும் அண்டை வீட்டார் என்பதைத் தம் வாழ்வாலும் கலையாலும் உலகிற்கு உணர்த்தியவர் சார்லி சாப்ளின் ஆவர்.

இவர் 1889-ஆம் ஆண்டு ஏப்ரல் 16-ஆம் நாள் இங்கிலாந்தில் பிறந்தனர். பெற்றோர் இருவரும் அரங்குகளிற் பாடிப் பிழைத்தோர். தந்தையார் குடியால் அழிந்தார். தாயார் சித்தங் கலங்கினார். ஏழாம் பிராயத்திலேயே லண்டன் மாநகரின் ஏழையர் விடுதியொன்றிற் புகுமாறு வறுமை இவரைத் துரத்திற்று. பின்னர் நாடகக் குழுவொன்றுடன் அமெரிக்கா சென்ற இவர், 1914 முதல் பேசாப் படங்களில் நடித்தனர். தொளதொளத்த காற்சட்டையும் கைப்பிரம்பும் சிறுமீசையும் கொண்ட நாடோடி வேடம் உலகெங்கும் பரவிற்று.

1918-இல், முதல் உலகப்போர் முடிவதற்குச் சின்னாள் முன்னர், அகழியிற் கிடந்து போர்வீரர் படுந் துயரையே நகைச்சுவைப் படமாக்கினார். ஆயினும் பெருஞ்சோதனை பின்னரே வந்தது.

இவர் பிறந்த நான்கு நாட்களின் பின் ஆஸ்திரியாவிற் பிறந்தவன் ஹிட்லர். இருவர் மீசையும் ஒத்திருந்தது. 1939 செப்டெம்பரிற் போர் மூண்ட சின்னாளில், அக்கொடுங்கோலனை எள்ளும் 'தி கிரேட் டிக்டேட்டர்' என்னும் படத்தைத் தம் பொருள்கொண்டே பிடிக்கத் தொடங்கினார். 1940 அக்டோபரில் அது வெளிவந்தது. சர்வாதிகாரியும் யூத நாவிதனும் ஆகிய இரு வேடமும் இவரே புனைந்தார். சர்வாதிகாரி உலகவுருண்டை வடிவான பலூனை எறிந்து பிடித்துக் கூத்தாடுகின்றான், அது வெடிக்கின்றது. காண்போர் நகைக்கின்றனர், அச்சமும் அவரை விட்டகல்கின்றது. இறுதியில் நாவிதன் மேடையேறிப் பேசுங்கால் நகைப்பு முற்றும் அடங்குகின்றது.

சிறைமுகாம்களின் கொடுமையை அன்று முழுதும் அறிந்திருப்பின் அப்படத்தை எடுத்திருக்க இயலாது என இவரே 1964-இல் வெளிவந்த தம் சரிதையில் எழுதினர். இதனால் படத்தின் பெருமை குன்றிற்றென யாம் கருதோம். அவர் எள்ளியது கொடியவனின் செருக்கையே, துன்புற்றாரின் கண்ணீரையன்று. நகைக்கும் எல்லையுண்டென உணர்ந்தமை அவர்தம் நெஞ்சின் ஈரத்தையே காட்டும்.

1952-இல் அமெரிக்கா மீளும் வாயில் அடைபட, ஸ்விட்சர்லாந்தில் வாழ்ந்து 1977 டிசம்பர் 25-ஆம் நாள் மறைந்தனர்.

மாணவ நண்பர்காள்! பிறர் துயரை வைத்து நகை விளைவிக்குமுன், அந்நகை யாரை நோக்கியது என வினவுதல் நம் கடனன்றோ!