எஞ்சின் முகப்பில் ஒரு கலைஞன்

கிறிபித்தின் படங்களைப் போற்றுவோர் அவருக்குக் கண்ணாக விளங்கிய படப்பிடிப்பாளர் பில்லி பிற்சரையும் மறவாது குறிப்பிடுவர். ஆயினும், பிற்சரின் பெருமையை நான் வேறோரிடத்திற் காண்கிறேன்; அது புகையிரதத்தின் முகப்பு.

1872இல், பொஸ்ரன் நகரைச் சார்ந்த றொக்ஸ்பரியிற் பிறந்தவர் அவர். வெள்ளிவேலை பழகிய கைகள், பயோகிறாப் நிறுவனத்திற் கமெராவைப் பற்றின. அந்நாளைய பயோகிறாப் கமெரா எளிதிற் கொண்டுசெல்லத் தக்கதன்று. மின்சாரத்தால் இயங்கிய பெரும் பாரம். 1899இல் கனேடிய பசிபிக் பாதையில், எஞ்சினின் முன்னே அமர்ந்து றொக்கி மலைகளைப் படமாக்கினார். கதையில்லை, நடிகரில்லை. தண்டவாளம் நீள நீள மலைகள் எதிர்கொண்டு வரும். இருக்கையை விட்டெழாமலே பயணம் செய்யக் கிடைத்த மக்கள் மயங்கியதில் வியப்பென்ன?

1904 ஒக்டோபரில் நியூயோர்க்கின் சுரங்கப் புகையிரதப் பாதை திறக்கப்பட்டது. அடுத்த ஆண்டு மே மாதம் பிற்சர் அதனுள் இறங்கினார். காரிருளிற் படம்பிடிப்பது எங்ஙனம்? முன்னே ஒரு வண்டி ஓட, அதனைத் தொடர்ந்த வண்டியின் முகப்பிற் கமெரா இருந்தது. பக்கத்துத் தண்டவாளத்தில் விளக்குகளைச் சுமந்த வேறொரு வண்டி உடன் ஓடி ஒளி பாய்ச்சிற்று. பதினான்காம் தெருவிலிருந்து நாற்பத்திரண்டாம் தெரு வரை ஒரே ஓட்டம். இப்படத்தை நான் பலமுறை பார்த்துவிட்டேன். தூண்கள் மின்னி மறைகின்றன. முன்வண்டி வளைவில் அகன்று மீண்டும் நெருங்குகிறது. இறுதியில் மேடையிலே தொப்பியணிந்த ஆடவரும் நீள்பாவாடைப் பெண்டிரும் இறங்கிச் செல்கின்றனர். எந்த நாடகமும் தராத நெகிழ்ச்சியை அந்த முகங்கள் எனக்குத் தந்தன.

1908 முதல் அவர் கிறிபித்தின் துணைவரானார். 1915இல் வெளிவந்த 'ஒரு தேசத்தின் பிறப்பு' படத்திற்குத் தம் சேமிப்பையும் ஈந்தார். அப்படமோ கறுப்பின மக்களை இழிவுபடுத்தி, முகமூடி வன்முறைக் கூட்டத்தை வீரராக்கியது. அப்பழி நெறியாளரோடு நின்றுவிடும் என்று நான் எண்ணவில்லை. அதன் அழகெல்லாம் பிற்சரின் கைவண்ணமன்றோ? சுரங்கத்தில் மனிதரை மனிதராகவே காட்டியதும் அதே கைதான். இந்த முரணை என்னால் இன்றும் அவிழ்க்க இயலவில்லை.

பேசும்படம் வந்தபின் தொழில் குன்றியது. பிற்காலத்தில் நியூயோர்க் நவீன கலைக் கூடத்தின் திரைப்படப் பிரிவிற் பணிபுரிந்து, 1944இல் மறைந்தார். சுரங்கப் படமோ தப்பிற்று: பதிப்புரிமைக்காகக் காகிதத்தில் அச்சிட்டு, வாஷிங்டன் காங்கிரஸ் நூலகத்திற் கொடுத்து வைத்திருந்தனர்.