யாராக இருந்தாலும் ஒரு கும்பிடு

குற்றாலம் போகிற வழியில் தென்காசி கோபுரத்தை அண்ணாந்து பார்க்காமல் யாரும் வந்திருக்க மாட்டீங்க. சீசன்ல அதோட வாசல்ல நின்னா காத்து ஆளையே தள்ளும். அந்தக் கோயிலைக் கட்டின பராக்கிரம பாண்டியன் 1422ல் பட்டத்துக்கு வந்தார். அப்போ மதுரை பாண்டியர் கையில இல்லை.

ஏன்னு தேடிப் போனா ஒரு வாரிசுச் சண்டையில போய் முடியும். மாறவர்மன் குலசேகரனுக்கு ரெண்டு மகன்கள். அப்பா வீர பாண்டியன் பக்கம் சாய்ந்ததால், 1310ல் சுந்தர பாண்டியன் அப்பாவையே கொன்னுட்டதா பாரசீக வரலாற்றாசிரியர் வஸ்ஸாஃப் எழுதியிருக்கார். சகோதரர்கள் அடிச்சுக்கிட்டு இருக்கும்போதே, 1311ல் மாலிக் காஃபூரின் படை மதுரைக்கு வந்துடுச்சு. பாண்டியர் மெல்லத் தெற்கே ஒதுங்கினாங்க.

அடுத்து யாருங்கிற கேள்வி எல்லா இடத்திலும் உண்டு. (நம்ம கிளப்ல செக்ரட்டரி மாறும்போதே எவ்வளவு பாலிடிக்ஸ்!) நபிகள் மறைந்த 632லேயே மதீனாவில் அது எழுந்தது. 644ல் கத்திக்குத்து பட்டுக் கிடந்த கலீஃபா உமர், தனக்குப் பிறகு வருபவரைத் தேர்ந்தெடுக்க ஆறு பேரை நியமித்தார். தன் மகன் அப்துல்லாஹ் ஆலோசனை சொல்லலாம், ஆனா பதவி கிடையாதுன்னு கண்டிப்பா சொல்லிட்டார். பின்னாடி முஆவியா தன் மகன் யஸீதையே வாரிசாக்கினார். 680ல் கர்பலா நடந்தது.

பராக்கிரம பாண்டியன் கையில் இருந்தது சின்ன நாடுதான். காசிக்குப் போக முடியாதவங்க இங்கேயே விஸ்வநாதரைக் கும்பிடட்டும்னு 1446ல் கோயில் வேலையை ஆரம்பித்தார். கோபுரம் முடியறதுக்குள்ள, 1463ல் இறந்துட்டார். தம்பி குலசேகரன்தான் அதை முடித்தார்.

எனக்கு அவரைப் பிடிச்சது கோபுரத்துக்காக இல்லை, அவர் வெட்டி வெச்ச கல்வெட்டுப் பாட்டுக்காக. கட்டினது தன் செயலே இல்லை, தெய்வச் செயல்னு ஒதுங்கிக்கிறார். பிற்காலத்தில் கோயிலுக்கு ஏதாவது குறை வந்து, அதைச் சரிசெய்கிறவர் யாராக இருந்தாலும், உலகமறிய அவரைப் பணிவதாகச் சொல்றார். கவனிங்க, யாராக இருந்தாலும். என் மகன்னோ என் வம்சம்னோ அவர் நிபந்தனை போடலை. அப்பனைக் கொன்ற கதை உள்ள வம்சத்தில் பிறந்த ஒரு ராஜா, முகம் தெரியாத ஆளுக்கு முன்கூட்டியே கும்பிடு போட்டிருக்கார்.

குறை வரத்தான் செய்தது. கோபுரம் சிதைந்து, ரொம்ப காலம் மொட்டைக் கோபுரமாகவே நின்னுச்சு. 1990ல் ஒன்பது நிலையோடு மறுபடி எழுந்தது. அப்போ பாண்டிய நாடும் இல்லை, பாண்டிய ராஜாவும் இல்லை.